எங்கள் வீட்டைக் குழப்பிய கலிபோர்னியாக்காரர்

எண்பத்தாறாம் ஆண்டு, எனக்குப் பத்து வயது. ஆளுக்கொரு பெரிய மனிதரின் வாழ்க்கையைப் பற்றி வகுப்பில் பேசவேண்டும் என்று ஆசிரியை சீட்டுக் குலுக்கினார். மற்றப் பிள்ளைகளுக்கு விமானம் கண்டுபிடித்தவரும் துருவத்துக்குப் போனவரும் வந்தார்கள். எனக்கு வந்தவர் போன நூற்றாண்டில் கலிபோர்னியாவில் இருந்த ஓர் அரசியல்வாதி. அவருடைய நீளமான ஸ்பானியப் பெயர் என் வாய்க்குள் நுழையவே இல்லை. விதியே என்று நூலகத்தில் ஒரு மெல்லிய புத்தகத்தை எடுத்துக்கொண்டு வந்தேன்.

ஊரைவிட்டு வந்து குடியேறிய குளிர்நாட்டில், அஜின்கோர்ட் என்ற புறநகரில் ஓர் அடுக்குமாடி வீட்டில் அப்பா, அம்மா, நான், அப்பாவின் தம்பியான சித்தப்பா ஆகிய நால்வரும் இருந்தோம். அப்பா ஊரில் ஒரு எம்.பி.க்காக வீடு வீடாக வாக்குக் கேட்டவர். சித்தப்பா உணவகம் ஒன்றில் கோப்பை கழுவினார். மனுசன் ஓரிடத்தில் இருக்கமாட்டார். ஊரில் சண்டை நடந்துகொண்டிருந்தது; அங்கிருந்து தொலைபேசி வந்த நாட்களில் கூடத்தில் நடந்துகொண்டே இருப்பார். காலில் சக்கரம் பூட்டியிருக்கிறது என்று அம்மா சிரிப்பார்.

ஒருநாள் சாப்பாட்டுக்குப் பிறகு எல்லோர் முன்னாலும் நின்று தமிழில் ஒத்திகை பார்த்தேன். கலிபோர்னியாக்காரர் ஸ்பெயின் ராஜாவின் ஆட்சியில் பிறந்தார், மெக்சிகோவின் ஆட்சியில் பெரிய காணிக்காரர் ஆனார். பிறகு அமெரிக்கர்கள் வந்து பிடித்தபோது அவர்களுடைய அரசுக்கே சத்தியப்பிரமாணம் செய்து சட்டசபையில் அமர்ந்தார்.

“கெட்டிக்காரன். உள்ளுக்கை இருந்தால்தானே எங்கடை ஆக்களுக்காகக் கதைக்கலாம்,” என்றார் அப்பா.

கலிபோர்னியாக்காரர்கள் எப்போது எங்கடை ஆக்கள் ஆனார்கள் என்று எனக்கு விளங்கவில்லை. சித்தப்பா நடப்பதை நிறுத்தினார்.

“கதைச்சு? அந்தாளின்ரை காணி மிஞ்சினதோ பிள்ளை?”

காணி தன்னுடையதுதான் என்று வழக்காடியே முக்கால்வாசியையும் இழந்தார் என்று புத்தகத்தில் இருந்ததைச் சொன்னேன்.

“பாத்தியளோ அண்ணை?”

“ஆள் கடைசிவரைக்கும் உயிரோடை இருந்தவன். அது உனக்குச் சின்ன விசயமோ?”

“அங்கை எங்கடை பெடியள் ஆமியோடை அடிபட்டுச் சாகிறாங்கள். நான் இஞ்சை கோப்பை கழுவிறன்.”

கோப்பைக்கும் கலிபோர்னியாவுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்க வாயெடுத்தேன். அம்மா கண்ணைக் காட்டினார்.

அதற்குப் பிறகு அப்பாவும் சித்தப்பாவும் முகம் கொடுத்துப் பேசவில்லை. எனக்குப் பயமாக இருந்தது. சித்தப்பா என்றால் எனக்கு உயிர். எல்லாம் என் பாழாய்ப்போன பள்ளிக்கூட ஒப்படையால் வந்த வினை என்று நம்பி, கதையையே திருத்த முடிவு செய்தேன்.

“சித்தப்பா, வேறை புத்தகத்திலை பாத்தனான். கோட்டிலை வழக்கை வெண்டு காணி முழுக்கத் திரும்பக் கிடைச்சிட்டுதாம்.”

அவர் என்னை நெடுநேரம் பார்த்தார். பிறகு தரையில் என் பக்கத்தில் இருந்து, என் படத்தாளில் கலிபோர்னியாக்காரரின் குதிரைக்கு மண்ணிறம் தீட்டித் தந்தார். அன்றிரவு அவர் எழுந்து நடக்கவே இல்லை. என் பொய் வேலை செய்துவிட்டது என்று எனக்கு ஒரே புளுகம், சந்தோசத்தில் துள்ளினேன்.

வெள்ளிக்கிழமை வகுப்பில் கைதட்டு வாங்கிக்கொண்டு ஓடிவந்தேன். சித்தப்பா இல்லை. வேலைக்குப் போகாத அப்பா சுவரைப் பார்த்தபடி கட்டிலில் கிடந்தார்.

“இஞ்சை பக்கத்திலை, மிசிசாகாவிலை வேலை கிடைச்சிட்டுது பிள்ளை. அங்கை போயிட்டார்,” என்றார் அம்மா. அழுதிருந்தார்.

வெளியே முழங்கால் உயரத்துக்குப் பனி. சித்தப்பாவின் தடித்த ஜக்கெற்றும் பனிச்சப்பாத்தும் கதவடியிலேயே இருந்தன. மிசிசாகாவில் பனி கொட்டாதாக்கும் என்று நினைத்துக்கொண்டேன்.