பெரியப்பாவுக்கு வந்த துடக்கு

சில வருடங்களுக்கு முன், அப்பா இறந்து ஒரு வருடமாகி, ஆட்டைத் திவசம் முடிந்த கையோடு, எங்கள் இணுவில் வீட்டுக்கு நீதிமன்ற அழைப்பாணை வந்தது. படிப்பை முடித்துவிட்டு யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் ஒரு கணினி நிறுவனத்தில் நான் அப்போதுதான் சேர்ந்திருந்தேன். மற்றவர்கள் எழுதும் மென்பொருளைச் சோதித்துப் பிழை பிடிப்பது என் வேலை.

வழக்குப் போட்டவர் அப்பாவின் ஒரே அண்ணன், என் பெரியப்பா. தம்பி கலியாணம் கட்டாமலே இறந்தார், ஆகவே அவருடைய வீடும் காணியும் தனக்கே சேரும் என்பது அவருடைய கோரிக்கை. அம்மா அதை இரண்டு தரம் வாசித்தார்.

"அப்ப நான் ஆராம்?" என்று கேட்டுவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டார்.

அம்மாவுக்கும் அப்பாவுக்கும் கலியாணம் நடந்தது யுத்தத்தால் ஊரே இடம்பெயர்ந்த காலத்தில், தென்மராட்சியில் ஒரு சிறிய பிள்ளையார் கோயிலில். மஞ்சள் கயிற்றில் மஞ்சள் துண்டுதான் தாலி. பதிவு செய்ய அரசாங்கக் கந்தோர் எதுவும் இயங்கவில்லை. ஊர் திரும்பிய பிறகு, பிறகு பார்ப்போம் என்று விட்டதுதான். கடைசி வரை பதியவேயில்லை. அதனால் என் பிறப்புச் சான்றிதழில், பெற்றோர் விவாகமானவர்களா என்ற கட்டத்தில் 'இல்லை' என்று இருக்கும். அதுவரை அந்தச் சொல்லை நான் பெரிதாக எடுத்ததில்லை. இப்போது அது அம்மாவை வீட்டை விட்டு எழுப்பப் பார்த்தது.

எங்கள் சட்டத்தரணி ஒரு பெண். பதிவு இல்லாவிட்டாலும் சைவ முறைப்படி நடந்த கலியாணம் செல்லும், ஆனால் நடந்தது என்று காட்ட வேண்டும், இல்லாவிட்டால் மகளுக்கும் உரிமை வராது என்றார். அப்பா மரணசாசனம் எழுதியிருந்தாலாவது அம்மாவுக்கு வீடு தப்பியிருக்கும். அதுவும் இல்லை.

நான் வழக்கம்போல ஒவ்வொன்றாக எழுதிச் சரிபார்த்தேன். படம் இல்லை. தாலி கட்டுவித்த ஐயர் காலமாகிவிட்டார். சாட்சிக்கு நின்ற அப்பாவின் சிநேகிதர் கனடாவில், மறதி நோயால் ஆளை அடையாளம் தெரியாத நிலையில். அம்மாவின் பக்கத்தில் எவரும் மிஞ்சவில்லை. சேர்ந்து வாழ்ந்ததைப் பெரியப்பா மறுக்கவில்லை. "சேர்ந்து இருந்தவை, தாலி கட்டேல்லை" என்பதுதான் அவருடைய கதை.

"தாலிக்கு ஆரும் பில்லு வைச்சிருக்கிறவையே?" என்று அம்மா சட்டத்தரணியிடம் கேட்டார். அவர் சிரித்துவிட்டு, பெரியப்பா எங்களோடு முன்பு எப்படிப் பழகினார் என்று விசாரித்தார்.

"எங்கை பழகினது? இவள் பிறந்த நாளிலையிருந்தே அந்தாளுக்கு எங்களிலை கோவம். இவளாலை அந்த வருசம் அவரின்ரை திருவிழாவும் போச்சு."

ஊர் அம்மன் கோயிலில் ஒரு நாள் திருவிழா அப்பாவின் தகப்பன் காலத்திலிருந்தே எங்கள் குடும்பத்துடையது. அப்பாவுக்குக் கோயில் காரியங்களில் நாட்டமில்லை, பெரியப்பாதான் செய்வார். திருவிழாவுக்கு முதல் நாள் நான் பிறந்துவிட்டேன். பிள்ளை பிறந்தால் தகப்பன் வழிச் சொந்தம் ஒரு மாதம் தீட்டு, அதாவது துடக்குக் காக்க வேண்டும், கோயில் படி மிதிக்கக் கூடாது. வாழைமரம்கூடக் கட்டி முடித்த திருவிழாவைப் பெரியப்பா இன்னொருவரிடம் கொடுக்க வேண்டி வந்தது. அம்மா இதைச் சொல்லிப் புலம்புவதை நான் எத்தனையோ தரம் கேட்டிருக்கிறேன். ஆனால் நான் எழுதியவற்றில் அது இல்லை. எனக்குத் துடக்கில் நம்பிக்கை கிடையாது.

சட்டத்தரணி பேனையை மேசையில் வைத்துவிட்டார். "அம்மா, கட்டாத பொம்பிளைக்குப் பிறந்த பிள்ளைக்கு அவர் ஏன் துடக்குக் காத்தவர்?"

ஆனால் அந்த வருடம் என்ன காரணம் சொல்லித் திருவிழாவைக் கொடுத்தார் என்று பெரியப்பாதான் சொல்ல வேண்டும். கோயிலில் அப்போது இருந்தவர்கள் இப்போது இல்லை. காய்ச்சல் என்று சொன்னால் முடிந்தது. சொல்லத்தான் போகிறார் என்று நான் நினைத்தேன்.

வழக்கு நாளன்று பெரியப்பா திருநீறு பூசிக்கொண்டு சாட்சிக்கூண்டில் ஏறினார். பரம்பரையாக வந்த முதுசக் காணி, பெட்டைப்பிள்ளை கட்டிக்கொண்டு போனால் பிறத்தியாரின் கைக்குப் போய்விடும் என்று ஒளிக்காமலே சொன்னார். பிறகு எங்கள் சட்டத்தரணி எழுந்தார்.

"உங்கடை தம்பிக்கு மகள் பிறந்த வருசம் உங்கடை திருவிழாவை ஆர் செய்தது?"

"வேறை ஆக்கள்."

"ஏன், உங்களுக்கு ஏலாதோ?"

அவருடைய சட்டத்தரணி எழுந்து ஆட்சேபித்தார். நீதிபதி கேள்வியை அனுமதித்தார். பெரியப்பா கூண்டின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"துடக்கு," என்றார்.

"என்ன துடக்கு?"

"தம்பிக்குப் பிள்ளை பிறந்த துடக்கு. கோயில் காரியத்திலை நான் பொய் சொல்லமாட்டன்."

கட்டாத பொம்பிளையின் பிள்ளைக்கு ஏன் துடக்குக் காத்தவர் என்பதுதான் சட்டத்தரணியின் அடுத்த கேள்வி. தீர்ப்பு வர மாதக்கணக்கானது. வேறு சாட்சியங்களையும் பார்த்தார்கள். ஆனால் தீர்ப்பில் அந்தத் துடக்குக்கு ஒரு முழுப் பந்தி இருந்தது. அம்மா அப்பாவின் மனைவியானார். வீடு எங்களிடம் நின்றது.

அதற்குப் பிறகு பெரியப்பா வீட்டோடு பேச்சுவார்த்தை இல்லை. போன வருடம், அம்மன் கோயில் கொடியேறுவதற்குச் சற்று முன், அவர்களுடைய ஒழுங்கையில் இருக்கும் ஓர் அக்கா எங்கள் வாசல் படலையில் நின்று கூப்பிட்டார்.

"பெரியப்பாவின்ரை மகனுக்குப் பெடியன் பிறந்திருக்கு. உங்களுக்கும் துடக்கு எண்டு பெரியப்பாதான் சொல்லிவிடச் சொன்னவர்."

அம்மா கோயிலுக்கென்று எடுத்து வைத்திருந்த சேலையைத் திரும்ப அலுமாரியில் வைத்தார். "ஓம், காக்கத்தானே வேணும்," என்றார். அவருடைய முகத்தில் இருந்தது கவலை இல்லை.

துடக்கில் எனக்கு இன்னும் நம்பிக்கை வரவில்லை. ஆனாலும் அந்தத் திருவிழா முழுவதும் நான் கோயில் பக்கம் போகவில்லை. எங்களை வெளியே தள்ளப் பார்த்த மனிதர் உள்ளே சேர்த்து அனுப்பிய சொல்லை மீற எனக்கு மனம் வரவில்லை.