பெட்டிக்குள் போன நாடகம்

படிப்பகத்துப் பலகையில் இதை ஒட்டியிருப்பவன் தொம்மை. படித்துவிட்டுச் சும்மா போகக் கூடாது.

நமக்கு நாடகம் எழுதிப் பழக்கிய அண்ணாவி, முழுப் பிரதியை யாரிடமும் தந்ததில்லை. பக்கத்து ஊர்க்காரன் களவாண்டு மேடையேற்றிவிடுவான் என்று பயம். அவரவர் பாடத்தை மட்டும் தனித்தனியாக எழுதிக் கொடுப்பார்.

போன மாதம் அவர் இறந்தபோது, மரியாதை என்று நினைத்து அந்த ஒரே பிரதியையும் சவப்பெட்டிக்குள் வைத்துப் புதைத்துவிட்டோம். நானும்தான் மண் போட்டேன்.

இனி அழுது பயனில்லை. நடித்தவர்களிடமிருந்து பாடங்களைச் சேர்த்துவிட்டேன். ராணி பாடம்தான் பாக்கி.

இன்று ஆத்தூர் பஸ்ஸில் அந்த ராணியைப் பிடித்தேன். மிக்கேல் அண்ணன். இப்போது துறைமுகத்தில் மூட்டை தூக்குகிறார். மீசை காதுவரை.

“ஏலே, மெதுவா பேசு. முன் சீட்டுல எங்க மாமனாரு இருக்காரு. நான் சேலை கட்டுனது அவருக்குத் தெரியாது.”

“மெதுவாவே சொல்லுங்கண்ணே. நான் எழுதிக்கிடுதேன்.”

நான் விடவில்லை. பஸ் முக்காணியில் நின்றபோது பாடத்தைச் சொல்லத் தொடங்கியவர் பழையகாயல் தாண்டி முடித்தார்.

மாமனார் மெல்லத் திரும்பினார்.

“மருமவனே, கடைசி ஒப்பாரிய விட்டுட்டீரே. அதக் கேட்டுத்தான் உமக்குப் பொண்ணு குடுக்கலாம்னே நெனச்சேன்.”

ஒப்பாரியையும் எழுதிக்கொண்டேன்.

கோயில் திருவிழாவில் நாடகம் ஏறும். நோட்டீஸில் முதல் பெயர் அண்ணாவியுடையது. ராணி தயார். மீசையை எடுக்கச் சொல்லும் தைரியம் உள்ளவர்கள் கீழே கையெழுத்திடவும்.