அடித்துவிட்ட இரண்டாவது கோரிக்கை

எங்கள் வக்கீலிடம் வரும் கட்சிக்காரர்களில் சர்வேயரைப் போல வயிறெரிந்தவரை நான் பார்த்ததில்லை. குமாஸ்தா வேலையில் இருபது வருஷம் ஓட்டியவன் சொல்கிறேன். அவருடைய எதிரி வெளியாள் இல்லை, மனைவியின் கூடப்பிறந்த தம்பி. இருவருக்கும் ஒரே நில அளவை அலுவலகம். நாலு வருஷம் பிந்திச் சேர்ந்த மச்சினன் மேற்பார்வையாளராகிக் கண்ணாடித் தடுப்புக்குள் போய் உட்கார்ந்துவிட்டான். இவர் வெளியே வரைபடச் சுருள்களுக்கு நடுவே. அவன் உள்ளே மின்விசிறியைப் போட்டால் இவருக்கு இங்கே வேர்க்கும்.

வழக்குப் போட வந்தவருக்கு வக்கீல் இரண்டு கோரிக்கை எழுதினார். ஒன்று, இவருக்குப் பதவி உயர்வு தரவேண்டும். இரண்டு, மச்சினனுக்குத் தந்தது செல்லாது என்று அறிவிக்கவேண்டும். வரைவைப் படித்த சர்வேயர் என்னிடம் பேனா வாங்கி இரண்டாவதை அடித்தார்.

"அடுத்தவன் வயித்துல அடிக்கிற ஆளு நான் இல்ல. நாளைக்கு வீட்டுல யாரும் என்னைப் பொறாமைக்காரன்னு சொல்லிடக் கூடாது பாருங்க."

"சார், மனுவுல கேக்காதது கிடைக்காது" என்றேன்.

"அதெல்லாம் தானா வரும். ரெண்டு பேரு ஃபைலையும் பக்கத்துல வெச்சுப் பாத்தா யாரு கெட்டிக்காரன்னு ஜட்ஜுக்குத் தெரியாதா?"

அந்த ஒரு வரிக்காகத்தான் ஆறு வருஷம் நடந்தார். தகுதியில் இவர்தான் மேல் என்று நீதிபதி எழுதவேண்டும்; மாமனார் வீட்டில் எல்லாரும் கூடியிருக்கும்போது அதைச் சத்தமாகப் படிக்கவேண்டும். வாய்தா தவறாமல் இஸ்திரி போட்ட சட்டையோடு வந்துவிடுவார். மச்சினன் மாடி கட்டினான், கார் வாங்கினான் என்று எனக்கு ஒப்பித்துவிட்டுத்தான் உட்காருவார்.

இறுதி விசாரணை நாளில் அரசு வக்கீல் எழுந்து ஒரு தாளை நீட்டினார். சர்வேயருக்குப் பதவி உயர்வு, அதுவும் பழைய தேதியிலிருந்தே. உத்தரவு முந்தின நாள்தான் போட்டிருந்தது.

"கேட்டது கிடைச்சிருச்சே. வேற ஏதாவது இருக்கா?" என்றார் நீதிபதி.

எங்கள் வக்கீல் மனுவைப் புரட்டினார். முதல் கோரிக்கைக்குக் கீழே ஒன்றும் இல்லை. "இல்லைங்க" என்றார். குறை தீர்ந்துவிட்டதால் மனு முடித்துவைக்கப்படுகிறது என்று ஒரே வரி. அடுத்த வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்கள். இரண்டு ஃபைலையும் யாரும் திறக்கவே இல்லை.

வராந்தாவில் பதவி உயர்வு உத்தரவின் நகலைக் கொடுத்து வாழ்த்துச் சொன்னேன். எனக்கும் உள்ளுக்குள் கொஞ்சம் எரியத்தான் செய்தது. குமாஸ்தாவுக்கு எந்தக் கோர்ட்டு பதவி உயர்வு தரும்? அவர் இரண்டாம் பக்கத்தைப் புரட்டியதும் முகம் கறுத்துவிட்டது. அங்கே பரிந்துரைக் குறிப்பு இருந்தது. 'அனுபவத்திலும் தகுதியிலும் இவர் என்னைவிட மேலானவர்.' கீழே மச்சினனின் கையெழுத்து.

"இந்த உத்தரவ ரத்து பண்ணச் சொல்லி மனு போட முடியுமா?" என்றார்.

"போடலாம் சார். குறைன்னு என்ன எழுத?"

"அந்த வரியையும் அவனே எழுதிட்டான்யா. அதான் குறை."