டோல்கேட் வரை வந்த அம்மா

சித்தப்பா அந்தக் காலத்துப் பெரியம்மை எந்த ஊரிலிருந்து எந்த ஊருக்குப் பரவியது என்று ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தார். ஒழிந்துபோன நோயின் பின்னால் சைக்கிளில் அலைந்தவர் அவர் ஒருவராகத்தான் இருக்கும். ஸ்ரீரங்கத்தில் எங்கள் வீட்டுக் கூடத்துச் சுவரில் திருச்சி வரைபடத்தை ஒட்டியிருந்தார். ஞாயிறுதோறும் ஊர் ஊராகப் போய் வயதானவர்களிடம் விசாரித்துவிட்டு வந்து, அம்மை வந்த ஊரின்மேல் சிவப்பு ஸ்டிக்கர் பொட்டு ஒன்றை ஒட்டுவார்.

அம்மை என்று யாரும் அவரிடம் சொல்வதில்லை. ‘அம்மா வந்தா’ என்றுதான் பயபக்தியோடு சொல்வார்கள். கேட்டுக் கேட்டு அவருக்கும் அதுவே பழகிவிட்டது. “லால்குடியிலேர்ந்துதாண்ணே அம்மா சமயபுரத்துக்கு வந்திருக்கா” என்பார் அப்பாவிடம்.

எனக்கு ஆறு வயது. அம்மா அந்த வருஷம்தான் ஆஸ்பத்திரியில் இறந்துபோயிருந்தாள். எனக்கு மட்டும் ஊருக்குப் போயிருக்கிறாள் என்று சொல்லிவைத்திருந்தார்கள். எந்த ஊர் என்று கேட்டால் அப்பா பேச்சை மாற்றிவிடுவார். சித்தப்பாவுக்கோ ஊர்ப்பெயர் எல்லாம் தெரிந்திருந்தது. அந்தப் பொட்டும் அம்மா வைக்கிற அதே அளவு, அதே சிவப்பு. வேறென்ன வேண்டும் எனக்கு?

தினமும் ஸ்டூல் போட்டு ஏறிப் பார்ப்பேன். ஒரு ஞாயிறு டோல்கேட் என்கிற ஊரின்மேல் பொட்டு விழுந்தது. கொள்ளிடம் பாலத்தைத் தாண்டினால் வீடு. சந்தோஷத்தில் எனக்குச் சோறு இறங்கவில்லை. இங்கே எப்போது வருவாள் என்று கேட்டேன். எனக்கும் ஆராய்ச்சியில் ஆர்வம் வந்துவிட்டதென்று சித்தப்பாவுக்குப் பெருமை.

“இங்க வந்ததா யாரும் சொல்லலைம்மா. பாலத்துக்கு அந்தப் பக்கமே நின்னுட்டா போல” என்றார்.



அவ்வளவு தூரம் வந்தவளுக்கு வழி தெரியவில்லை போலிருக்கிறது என்று நினைத்தேன். முகம் கழுவும்போது அம்மா எடுத்து ஒட்டிவைத்த பொட்டு ஒன்று கண்ணாடி ஓரத்தில் அப்படியே இருந்தது. யாரும் அதைத் தொடுவதில்லை. மறுநாள் அதை நகத்தால் பெயர்த்தெடுத்து, எச்சில் தொட்டு, வரைபடத்தில் ஸ்ரீரங்கத்தின்மேல் அழுத்தினேன்.

சாயங்காலம் வேலையிலிருந்து வந்த அப்பா கண்ணாடியைப் பார்த்துவிட்டுப் பதறிப்போய் வந்தார். நான் பெருமையாகச் சுவரைக் காட்டினேன்.

“அம்மா நம்ம வீட்டுக்கு வந்துட்டாப்பா.”

சித்தப்பாவுக்கு அப்போதுதான் புரிந்திருக்க வேண்டும். முகம் வெளிறி, பொட்டை எடுக்கக் கையை நீட்டினார். அப்பா அந்தக் கையைப் பிடித்துக்கொண்டார். “இருக்கட்டும்டா” என்றார்.

பிறகு அப்பா சுவர்ப்பக்கம் திரும்பி நின்றார். தோள் குலுங்கியது. சிரிக்கிறார் என்றுதான் நினைத்தேன். தலையைச் சீவிக்கொண்டு, அம்மா வருவதை முதலில் நான்தான் பார்க்க வேண்டும் என்று வாசலுக்கு ஓடினேன்.