எங்க வூட்டுக்காரரு இன்னும் ஆடுறாரு

தப்பு என்னுதுதான். அத மொதல்லயே சொல்லிடறேன், அப்பால யாரும் என்னக் குடையக் கூடாது.

நான் காந்தா. ராஜகீழ்ப்பாக்கம் ஜங்ஷன்ல பதினாலு வருசமா மீன் விக்கிறேன். எங்க வூட்டுக்காரரு தசரதன், முடிச்சூர்க்காரரு. வாரத்துல ஆறு நாள் லேத் பட்டறையில வேல, ஞாயித்துக்கெழம ஃபுட்பால். சும்மா தெருவுல ஒதைக்கற ஆட்டம்னு நெனச்சிக்காதீங்க. மெட்ராஸ் லீக்ல ஆடுற கிளப்பு. பூட்ஸ் குடுப்பாங்க, மேட்சுக்கு பேட்டா குடுப்பாங்க. அத நம்பி அடுப்பு மூட்ட முடியாது. ஆனா இவரு ஒரு மேட்ச வுட்டதில்ல. கல்யாணத்தன்னிக்கே, தாலி கட்டின கையோட கிரவுண்டுக்கு ஓடின ஆளு. எங்க அம்மா அன்னிக்கு ஆரமிச்ச திட்ட இன்னும் நிறுத்தல.

ஸ்டாப்பர் பேக் இவரு. கோல்கீப்பருக்கு முன்னாடி நின்னுகினு எவனையும் உள்ள வுடாம தடுக்கற வேல. கோல் போட்டவனத் தோள்ல தூக்குவாங்க, தடுத்தவனுக்கு ஒரு சோடாகூட வராது. பத்தொம்பது வயசுல கிளப்புல சேந்தாரு. அப்பல்லாம் முடிச்சூர்ல அறுப்பு முடிஞ்ச வயல்தான் இவங்களுக்கு கிரவுண்டு, இப்ப அங்க பூரா பிளாட்டு. ஒரு தபா பெரிய கம்பெனி டீம்ல கூப்ட்டாங்க. ஆட்டம் புட்சிப் போச்சி, வேலையும் போட்டுத் தரோம்னாங்க. அப்பால, பத்தாங்கிளாஸ் சர்ட்டிபிகேட் எங்கன்னாங்க. இவரு படிச்சது ஏழு. "சர்ட்டிபிகேட்டா சார் பந்தத் தடுக்கப் போவுது?"ன்னு மூஞ்சிக்கு நேரா கேட்டுட்டு வந்துட்டாரு. அந்தத் திமிரு எனக்குப் புட்சிருந்திச்சி.

2007ல அவருக்கு முப்பத்தேழு வயசு. வலது முட்டி வீங்கிப் போயி, நாலு படி ஏறணும்னா செவுத்தப் புடிச்சாரு. ஆட்டத்த நிறுத்துங்கன்னு நான் சொன்னா கேப்பாரா? கிளப் செக்ரட்ரி மோகன்ராஜ் சார் என்கிட்டதான் வஞ்சிரம் வாங்குவாரு. ஒரு நாள் மீன் வெட்டிக்கினே கேட்டேன். "சார், அவர நிறுத்திடுங்க சார். மனசு நோவாம, மரியாதையா."

"கவலய வுடும்மா, ஜமாய்ச்சிடலாம்"னாரு.

மரியாதைன்னா அந்த மனுசனுக்குத் தெரிஞ்சது பிளெக்ஸு, மேடை, பொன்னாடை. எங்க வூட்டுக்காரர ஒரு வார்த்த கேக்கல. அடுத்த வெள்ளிக்கெழம காலையில கூடைய எறக்கறேன், ஜங்ஷன்ல பத்தடி ஒசரத்துக்கு எங்க வூட்டுக்காரரு மூஞ்சி! சுத்திப் பூவு, பின்னாடி மேகம். கீழ 'பிரியாவிடை'ன்னு போட்டிருந்ததாம், எனக்கு எங்க படிக்க வரும்? பூ விக்கிற கீதா அக்கா என்னக் கட்டிப் புடிச்சிகினு ஓன்னு அழுவுது. ஆட்டோ ஓட்டற பாலு மாலையோட வந்துட்டான். "அக்கா, எப்ப எடுக்கறீங்க?"

"அட கட்டையில போறவனே, அவரு பட்டறையில டீ குடிச்சிகினு கீறாருடா!"

சேதி தெரிஞ்சி அவரே சைக்கிள்ல வந்தாரு. அண்ணாந்து பாத்துகினே நின்னாரு. கத்துவாருன்னு நெனச்சேன், கத்தல. "என்னய நிறுத்தச் சொல்லி இவங்களுக்கு யாரு சொன்னது?"ன்னு மட்டும் கேட்டாரு. மறைக்க எனக்கு மனசு வரல. நான்தான்னேன். அதுக்கப்பறம் மூணு நாள் என்கூட பேசல. நான் வச்ச கொழம்பத் தொடல. அடிச்சிருந்தாக்கூட நான் திருப்பிக் குடுத்திருப்பேன், இத என்னால தாங்க முடியல.

ஞாயித்துக்கெழம சாயங்காலம் கல்யாண மண்டபத்துல விழா. மோகன்ராஜ் சார் பொன்னாடையப் பிரிச்சிகினு கிட்ட வந்தாரு. எங்க வூட்டுக்காரரு அத வாங்கி, நாலா மடிச்சி, அவரு கையிலயே திருப்பிக் குடுத்துட்டு மைக்கப் புடிச்சாரு. "நான் சாவவும் இல்ல, ஆட்டத்த நிறுத்தவும் இல்ல. நிறுத்தற அன்னிக்கு நானே சொல்றேன். நாளைக்கு பிராக்டிஸுக்கு வரேன்."

மோகன்ராஜ் சாருக்கு மூஞ்சி செவந்துடுச்சி. "ஒன் பேரு இந்த சீசன் லிஸ்ட்லயே இல்லப்பா. செவ்வாக்கெழம லீக் ஆபீஸ்ல குடுத்துடுவோம்"னாரு. லிஸ்ட்ல பேரு இல்லன்னா வருசம் பூரா ஒரு மேட்ச்ல கால் வைக்க முடியாது. முப்பத்தேழு வயசுக்காரனுக்கு ஒரு வருசம் போனா எல்லாம் போச்சி.

திங்கக்கெழம நான் வியாபாரத்துக்குப் போவல. மோகன்ராஜ் சார் வூட்டு வாசல்ல போய் நின்னேன்.

"சார், நிறுத்தச் சொன்னது நான். அத வாபஸ் வாங்கிக்கிறேன். பேர எழுதுங்க."

"ஒன் புருசன் முட்டிக்காகத்தானேம்மா செஞ்சேன்?"

"அது அவரு முட்டி சார். ஒடஞ்சா நான் வெந்நி ஒத்தடம் குடுக்கறேன். மூணு நாளா செவுத்தப் பாத்துகினு கீறாரு, அதுக்கு எங்க சார் ஒத்தடம் குடுக்கறது? நீங்க எழுதற வரைக்கும் நான் இங்கேர்ந்து நவுர மாட்டேன்."

பன்னெண்டு மணி வரைக்கும் வெயில்ல நின்னேன். கடைசிப் பேரா எழுதினாரு. சேதிய இவருகிட்ட சொன்னேன். "ம்"னாரு. தேங்க்ஸெல்லாம் கெடையாது. ஆனா அன்னிக்கு ராத்திரி சோறு துன்னாரு.

மூணு மேட்ச் பெஞ்சுல ஒக்கார வச்சாங்க. நாலாவது மேட்சுக்கு நான் கூடைய கீதா அக்காகிட்ட வுட்டுட்டுப் போனேன். இத்தினி வருசத்துல அன்னிக்குத்தான் மொத தபா அவரு ஆடறதப் பாக்கறேன். கடைசி இருவது நிமிசத்துக்கு எறக்குனாங்க. வந்த மொத பந்துலயே ஒரு பொடியன் அவரத் தாண்டிப் போய் கோல் போட்டுட்டான். இவரு முட்டி மடங்கி மண்ணுல வுழுந்தாரு. எனக்கு உசுரே போச்சி. கையூனி எழுந்து, டவுசர்ல மண்ணத் தட்டினாரு, பழைய எடத்துல போய் நின்னுகினு மத்தவங்கள 'ஏறி வா, ஏறி வா'ன்னு அதட்டினாரு.

எனக்குப் பின்னாடி காலேஜ் பசங்க ஒக்காந்திருந்தானுங்க. அதுல ஒருத்தன், "யோவ் தாத்தா, வூட்டுக்குப் போய்யா!"ன்னு கத்தினான்.

நான் எழுந்து திரும்பினேன். "டேய், அது என் புருசன்டா. வூட்டுக்கு எப்ப வரணும்னு அவருக்குத் தெரியும். பொத்திக்கினு ஆட்டத்தப் பாரு."