கல் தண்ணீரில் மிதக்குமா?

பேய் என்றால் நள்ளிரவு, மழை, நாய் ஊளை என்று எதிர்பார்ப்பவர்கள் இதைப் படிக்க வேண்டாம். இது பட்டப்பகலில் நடந்தது. அத்தனை விளக்குகளும் எரிய, சுற்றிலும் ஆறு பேர் வேலை பார்த்துக்கொண்டிருக்க, ஓர் ஐ.சி.யூ.வில் நடந்தது. நடந்தது என்று நான் அடித்துச் சொல்வதற்குக் காரணம், சொன்னவர் என் அண்ணி. அவருக்குப் பொய் வராது. அண்ணன் ஆசையாகப் புதுச்சட்டை போட்டுக்கொண்டு வந்து நின்றாலும் ‘தொப்பை தெரியுது’ என்று முகத்துக்கு நேராகச் சொல்லிவிடுகிற ஆள்.

அண்ணி அங்கே நர்ஸ். ஆனால் எல்லோரும் கூப்பிடுவது ‘டீச்சர்’ என்று. நோயாளிகளுக்கு அவர் வைக்கும் பரீட்சைதான் அந்தப் பெயருக்குக் காரணம்.

உடம்பு கடுமையாக அடிபட்டுக் கிடக்கும்போது சில சமயம் மூளையும் தடுமாறிப்போகும். டெலிரியம் என்பார்கள். சிலர் கத்துவார்கள், குழாயைப் பிடுங்குவார்கள். அவர்களைக் கண்டுபிடிப்பது சுலபம். இன்னும் சிலர் சத்தமே இல்லாமல் கிடப்பார்கள். ‘பாவம், அமைதியா இருக்காரு’ என்று நாம் நினைத்துக்கொண்டிருப்போம். அவரோ உள்ளுக்குள் எங்கேயோ தொலைந்துபோயிருப்பார். அவர்களைத் தேடிப் பிடிக்கத்தான் பரீட்சை. முதலில் குரல் கொடுக்க வேண்டும். கண் திறக்காவிட்டால்தான் தொட வேண்டும் என்பது விதி. டீச்சருக்குத் தொடாமல் கூப்பிட வராது. தோளில் கை வைத்துக்கொண்டேதான் ‘ஐயா’ என்பார். அடுத்து நோயாளியின் கையைப் பிடித்துக்கொண்டு பத்து எழுத்து சொல்வார். ‘ம’ வரும்போது மட்டும் நோயாளி டீச்சர் கையை அழுத்த வேண்டும். பிறகு நான்கு கேள்வி. கல் தண்ணீரில் மிதக்குமா? கடலில் மீன் இருக்குமா? ஒரு கிலோ இரண்டு கிலோவை விடக் கனமா? சுத்தியலால் ஆணி அடிக்கலாமா? வாயில் குழாய் இருப்பவர்களும் தலையை ஆட்டிப் பதில் சொல்லிவிடலாம்.

அந்தப் பரீட்சைக்கு வந்து சேர்ந்தவர்தான் மாஸ்டர். டிரைவிங் ஸ்கூல் மாஸ்டர். ஊரில் பாதிப் பேருக்கு வண்டி ஓட்டக் கற்றுக்கொடுத்தவர். தன் வண்டியில் ஒரு கீறல் விழ விட்டதில்லை. அப்படிப்பட்டவர் வண்டி மீது எதிரே வந்த லாரி ஏறிவிட்டது. ஓட்டிக்கொண்டிருந்தவர் மாஸ்டர். பக்கத்தில், இடது சீட்டில், அவர் மனைவி.

மனைவி அங்கேயே போய்விட்டார்.

மாஸ்டருக்கு நெஞ்செலும்பு நொறுங்கி, தலையில் அடிபட்டு, வயிற்றில் இரண்டு ஆபரேஷன். நினைவு வந்து கண் திறந்தபோது வாயில் குழாய், மூச்சு விட மெஷின். மனைவி போனது அவருக்குத் தெரியாது. ஒரே மகள், மாஸ்க் போட்டுக்கொண்டு மாலையில் வந்து பக்கத்தில் நிற்பாள். “அம்மா மேல் மாடியில இருக்காங்கப்பா. கால்ல கட்டு போட்டிருக்கு” என்று தினமும் அதே பொய்யைச் சொல்வாள். வெளியே போய் மாஸ்க்கைக் கழற்றிவிட்டு அழுவாள்.

பெரிய டாக்டர் அவளிடம் தெளிவாகச் சொல்லியிருந்தார்.

“குழப்பத்துல இருக்கறப்போ சொன்னா மறந்துடுவாரு. மறுநாள் திரும்பக் கேப்பாரு, திரும்பச் சொல்லணும். தினமும் அந்தம்மா புதுசா சாகணுமா? டீச்சர் டெஸ்ட்ல தெளிஞ்சாச்சுன்னு வரட்டும். அன்னிக்கே சொல்லிடுங்க.”

ஆக, மாஸ்டர் என்றைக்குப் பாஸ் ஆகிறாரோ அன்றைக்கு அவர் தலையில் இடி. இது டீச்சருக்குத் தெரியும். மகளுக்கும் தெரியும். ஒருநாள் அவள் டீச்சரின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“சிஸ்டர், இன்னிக்கும் அப்பா ஃபெயில் ஆகணும்னு வேண்டிக்கிறேன். நான் பாவிதானே?”

“போம்மா. எனக்கும் அப்படித்தான் இருக்கு” என்றார் டீச்சர்.

மாஸ்டரும் ஃபெயில் ஆகிக்கொண்டுதான் இருந்தார். டீச்சர் வலது கையைப் பிடித்து எழுத்துகளைச் சொன்னால், அந்தக் கை ஈரத்துணியைப் போலக் கிடக்கும். எந்தக் கேள்வி கேட்டாலும் ‘ஆமாம்’ என்று தலையை ஆட்டுவார். கல் மிதக்கும். ஒரு கிலோ கனம். எல்லாவற்றுக்கும் ஆமாம். டீச்சர் வருத்தத்தோடு ‘தெளிவில்லை’ என்று எழுதிவிட்டு வந்துவிடுவார்.

வலது கையை மட்டும் பிடித்ததற்குக் காரணம் உண்டு. இடது மணிக்கட்டில், ரத்த அழுத்தத்தை நொடிக்கு நொடி காட்டுவதற்காக ஓர் ஊசி செருகியிருந்தது. மானிட்டரில் ஓடும் சிவப்புக் கோடு அந்த ஊசியிலிருந்து வருவது. அந்தக் கையை அசைத்தால் கோடு நெளியும். அதனால் யாரும் அதைத் தொடுவதில்லை.

ஆனால் மாஸ்டர் அதை அடிக்கடி அசைத்தார். விரல்கள் மெல்ல மூடும். திறக்கும். மறுபடி மூடும்.

“மாஸ்டர் கியர் போடறாரு” என்று மற்ற நர்ஸுகள் சிரித்தார்கள். டீச்சரும் சிரித்தார். மகளிடம் சொன்னபோது அவள் சிரிக்கவில்லை.

“அப்பா ஓட்டறப்போ அம்மா கியர் மேல கைய வெச்சிருப்பாங்க சிஸ்டர். அவங்க கை மேல கைய வெச்சுத்தான் அப்பா கியர் மாத்துவாரு. கல்யாணம் ஆனதுலேர்ந்து அப்படித்தான். நாங்க கிண்டல் பண்ணுவோம்.”

சின்னச் சின்னதாக வேறு சிலவும் உறுத்தின. கட்டிலுக்கு இடப்பக்கம் மெஷின்கள் நிற்கும் இடம். அங்கே யாரும் உட்கார முடியாது. ஆனால் டீச்சர் டியூட்டிக்கு வரும்போதெல்லாம் அந்த இடுக்கில் ஒரு நாற்காலி கிடந்தது. எடுத்துச் சுவரோரம் போடுவார். மறுநாள் மறுபடி அங்கேயே கிடக்கும். துப்புரவுக்காரரைத் திட்டினார்.

“நான் தொடவே இல்லக்கா” என்றார் அவர்.

இன்னொன்று. மாஸ்டரின் வலது கை சில்லென்று இருக்கும். ஐ.சி.யூ. குளிருக்கு அது சகஜம். இடது கையைத் துடைத்துவிடும்போது பார்த்தால், உள்ளங்கை வெதுவெதுப்பாக இருந்தது. வியர்த்திருந்தது.

அன்றைக்குக் காலை. மணி பதினொன்று பத்து.

டீச்சர் தோளைத் தொட்டார். மாஸ்டர் கண் திறந்தார். வலது கையைப் பிடித்துக்கொண்டு டீச்சர் ஆரம்பித்தார்.

“க... ம... ர... ம...”

கை அசையவில்லை. வழக்கம்போலத்தான் என்று நினைத்துக்கொண்டே தற்செயலாக மானிட்டரைப் பார்த்தார். சிவப்புக் கோடு ஒழுங்காக ஓடிக்கொண்டிருந்தது.

“ல...”

ஒழுங்காக ஓடியது.

“ம...”

கோடு நெளிந்தது.

டீச்சர் நிறுத்தினார். எழுத்துகளை இடம் மாற்றி, முதலிலிருந்து சொன்னார்.

“ப... த... ம...”

நெளிந்தது.

“ம...”

நெளிந்தது.

“வ... ந...”

நேராக ஓடியது.

பத்து எழுத்தையும் சொல்லி முடித்தார். ஒரு தப்பு இல்லை.

டீச்சர் குனிந்து இடது கையைப் பார்த்தார். விரல்கள் மூடியிருந்தன. ஆனால் முழுதாக மூடவில்லை. உள்ளங்கைக்கும் விரல்களுக்கும் நடுவில் ஓர் இடைவெளி...

இன்னொரு கை அளவுக்கு.

கட்டிலைச் சுற்றி இடப்பக்கம் போனார். நாற்காலி கிடந்தது. காலையில் அவரே சுவரோரம் போட்ட நாற்காலி.

மாஸ்டரின் கையைப் பிடிக்கலாம் என்று தன் விரல்களை அந்த இடைவெளியில் நுழைத்தார்.

நுழையவில்லை.

கண்ணுக்குத் தெரிந்தது வெறும் காற்று.

ஆனால் அங்கே இடமில்லை.

டீச்சர் கையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டார். பக்கத்துக் கட்டிலில் யாரோ மருந்து மாற்றிக்கொண்டிருந்தார்கள். எங்கோ ஒரு மெஷின் ‘பீப்... பீப்...’ என்றது. ஓடிவிடலாம் என்று கால் சொன்னது. வாய் மட்டும் பழக்க தோஷத்தில் கேட்டுவிட்டது.

“ஐயா... கல் தண்ணியில மிதக்குமா?”

மாஸ்டர் டீச்சரைப் பார்க்கவில்லை. நாற்காலியைப் பார்த்தார். பரீட்சையில் பக்கத்து ஆளைப் பார்க்கும் பையனைப் போல, ஒரு நொடி.

பிறகு ‘இல்லை’ என்று தலையை ஆட்டினார்.

“கடல்ல மீன் இருக்குமா?”

நாற்காலியைப் பார்த்தார். ஆமாம்.

“ஒரு கிலோ... ரெண்டு கிலோவ விடக் கனமா?”

நாற்காலி. இல்லை.

“சுத்தியலால ஆணி அடிக்கலாமா?”

நாற்காலி. ஆமாம்.

நாலும் சரி. மாஸ்டர் பாஸ்.

டீச்சர் வெகுநேரம் பேனாவைப் பிடித்துக்கொண்டே உட்கார்ந்திருந்தார். பயம் ஒரு பக்கம். அதைவிட அந்தப் பெண்ணின் முகம்தான் கண் முன்னால் நின்றது. இன்னும் ஒருநாள் ‘தெளிவில்லை’ என்று எழுதினால் யார் கேட்கப்போகிறார்கள்? யாருக்கு நஷ்டம்? ஆனால் பொய் வராதே. ‘தெளிவாக இருக்கிறார்’ என்று எழுதினார். நாற்காலியைப் பற்றி யாரிடமும் வாய் திறக்கவில்லை. சொன்னால் அடுத்த பரீட்சை அவருக்குத்தான் வைப்பார்கள்.

மாலை ஐந்து மணிக்கு மகள் வந்தாள். டாக்டர் அவளிடம் விஷயத்தைச் சொன்னார். அவள் தலையாட்டிக்கொண்டாள். வலப்பக்கம் வந்து நின்று, மாஸ்க்கைச் சரிசெய்துகொண்டு, அப்பாவின் தோளைத் தொட்டாள்.

“அப்பா... அம்மா மேல் மாடியில இல்லப்பா. அன்னிக்கே போயிட்டாங்க.”

மாஸ்டர் முகத்தில் ஒன்றும் இல்லை. மகளின் கண்களையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு மெல்ல இடப்பக்கம் திரும்பினார்.

அப்படியே இருந்தார்.

மானிட்டரில் சிவப்புக் கோடு நெளிந்தது. நெளிந்தது. நெளிந்துகொண்டே இருந்தது.

அப்புறம்தான் அவர் முகம் உடைந்தது. குழாய் வைத்த வாயால் அழ முடியாது. சத்தமே வரவில்லை. நெஞ்சு மட்டும் எழும்பி எழும்பி விழுந்தது. மகள் அவர் மேல் சாய்ந்து அழுதாள். டீச்சர் இடது கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதன் விரல்கள் ஒவ்வொன்றாகத் திறந்தன. கை படுக்கையில் மல்லாந்து கிடந்தது.

கோடு நேராக ஓட ஆரம்பித்தது.

மறுநாள் நாற்காலி சுவரோரமே இருந்தது. இடது கை சில்லென்று இருந்தது. டீச்சர் எழுத்துகளைச் சொன்னார். வலது கை அழுத்தவில்லை. மானிட்டரைப் பார்த்தார். கோடு நெளியவில்லை. கல் மிதக்குமா என்றார். மாஸ்டர் எங்கேயும் பார்க்காமல், ஆமாம் என்று தலையாட்டினார்.

எல்லாக் கேள்விக்கும் ஆமாம்.

“அதிர்ச்சியில மறுபடி குழம்பிட்டாரு” என்றார் பெரிய டாக்டர். டீச்சருக்கு அது நெஞ்சில் முள்ளாகத் தைத்தது. தெளிந்திருந்த மனுஷனைத் தான் எழுதிய ஒரு வரிதான் கெடுத்துவிட்டது என்று வீட்டுக்கு வந்து அழுதார். அண்ணன் எவ்வளவோ சமாதானம் சொல்லிப் பார்த்தான். சாப்பாடு இறங்கவில்லை.

ஒரு வாரம் கழித்து மாஸ்டரின் தொண்டைக் குழாயை எடுத்தார்கள். குரல் வர இரண்டு நாள் ஆனது. வந்ததும் அவர் சொன்ன முதல் வார்த்தைகளைக் கேட்டு டீச்சர் நின்ற இடத்திலேயே நின்றுவிட்டார்.

“ஏன் யாருமே பேச மாட்டேங்கறீங்க? வாய மூடிக்கிட்டே வர்றீங்க, போறீங்க.”

காது டாக்டரை வரவழைத்தார்கள். ஸ்கேன் எடுத்துப் பார்த்தார்கள். தலையில் அடிபட்டபோது இரண்டு காதுக்குள்ளும் எலும்பு உடைந்திருந்தது. உயிரைக் காப்பாற்றுகிற அவசரத்தில் அதை யாரும் கவனிக்கவில்லை.

“ரெண்டு காதும் சுத்தமா போயிடுச்சு” என்றார் காது டாக்டர். “விபத்து நடந்த நிமிஷத்துலேர்ந்து இவருக்கு ஒரு சத்தமும் கேட்டிருக்காது.”

டீச்சர் ஒவ்வொன்றாக நினைத்துப் பார்த்தார்.

ஒரு சத்தமும் கேட்டிருக்காது. தோளைத் தொட்டதால் கண் திறந்திருக்கிறார். எல்லோரும் போட்டிருந்த மாஸ்க்குக்குப் பின்னால் வாய் அசைவதுகூடத் தெரிந்திருக்காது. புரியாததற்கெல்லாம் மரியாதைக்குத் தலையாட்டியிருக்கிறார். அவர் ஒருநாளும் குழம்பவில்லை. அவருக்குக் கேட்கவில்லை, அவ்வளவுதான்.

அப்படியானால் அந்தப் பதினொன்று பத்துக்கு...

அன்று மாலை, மகள் அந்த வார்த்தையைச் சொன்னபோது...

டீச்சர் ஒரு சிலேட்டை எடுத்துவந்தார். எழுதினார். ‘உங்க வீட்டம்மா போனதை யார் சொன்னது?’

மாஸ்டர் படித்தார். இடது கையைத் தடவிக்கொண்டார். அப்புறம், காது கேளாதவர்கள் பேசுவதைப் போல, வார்டு முழுக்கக் கேட்கும்படி சொன்னார்.

“அவதான் சொன்னா. பொண்ணு சொல்ல முடியாம அழறா, நானே சொல்லிடறேன்னு சொன்னா. சொல்லிட்டு, கைய விடுங்கன்னு கேட்டா.”