இன்ஸ்பெக்டர் மோந்து பார்த்த கை

நேற்று டிவி தொடரில் இன்ஸ்பெக்டராக வரும் சலீம், சந்தேகத்துக்கு ஆளானவன் கையைப் பிடித்து மோந்து பார்த்தான். எனக்குச் சுருக்கென்றது. அது எங்கள் அப்பாவின் பழக்கம்.

அப்பா சிறுமலைப் பலாப்பழம் விற்றவர். சுளை குறைந்தால் பிள்ளைகளை நிற்கவைத்து உள்ளங்கையை மோந்து பார்ப்பார். எண்ணெய் தேய்த்தால் பிசின் போகும், வாசம் போகாது. ஒருநாள் பக்கத்து வீட்டுச் சலீம் ஓடிவந்து, "வாடா மாப்ள, பம்பரம் விடுவோம்" என்று என் கைகளை இறுக்கிப் பிடித்தான். பிறகு தண்ணீர் குடிக்க வீட்டுக்குப் போய்வந்தான். செத்த நேரத்தில் சுளை குறைகிறதென்று அப்பா எங்கள் இருவர் கையையும் மோந்து பார்த்தார். என் கையில் பலா வாசம், அவன் கையில் சோப்பு வாசம்.

"ஏலே, சொந்த வீட்லயே களவாணியா?" அப்பா புளியம் விளாரால் விளாசினார்.

"பாவம் மாமா, விட்ருங்க!" என்று அழுதவனும் சலீம்தான்.

சாகும்வரை அப்பா கடைச்சாவியை என்னிடம் தரவில்லை. சலீம் மெட்ராஸ் போய், தொடர்களில் முதலில் பிணமாக, பிறகு திருடனாக நடித்து, இப்போது இன்ஸ்பெக்டர். அவன் நடிப்பு அன்றைக்கே தொடங்கிவிட்டதோ என்று எனக்கு இன்னும் சந்தேகம்.

இன்று காலை கல்யாண வீட்டில் அவனைப் பார்த்தேன். "என்ன மாப்ள, மாமா அடிச்ச அடி ஞாபகமிருக்கா?" என்று சிரித்து, என் இரண்டு கைகளையும் இறுக்கிப் பிடித்தான்.

அவன் நகர்ந்ததும் உள்ளங்கையை மோந்து பார்த்துக்கொண்டேன்.